காலிப் பெட்டியிலிருந்து தேயிலை வரை

1

இந்தக் கதையை நான் கற்பனை செய்யவில்லை. பேரம் பேசி வாங்கினேன். விற்றவர் கார்மேகம், வயது நாற்பத்தொன்று, கமுதிப் பக்கம். துபாயில், அல் கூஸில், ஒரு கோடவுனில் டேலி பார்ப்பவர். கண்டெய்னருக்குள் என்ன ஏறுகிறது, எது எங்கே நிற்கிறது என்று உரக்கச் சொல்லிக்கொண்டே சரிபார்ப்பதுதான் அவர் வேலை. என் மச்சினருடைய சோபா ஒன்று அந்தக் கோடவுனில் வந்து இறங்கியிருந்தது. அதை ஏற்ற வேண்டிய வண்டி ஒன்றரை மணி நேரம் தாமதம். அந்த ஒன்றரை மணி நேரத்தில், பஸ் நிறுத்தத்துக்கு எதிரே இருக்கும் டீக்கடையில் கதை கைமாறியது.

விலை இரண்டு கடக் டீ, மூன்று நிபந்தனை.

“ஒண்ணு, எம் பேரு வரக் கூடாது,” என்றார். (வரவில்லை. கார்மேகம் நான் வைத்த பெயர்.) “ரெண்டு, ஊரு நெனப்புல அழுதான்னு எழுதக் கூடாது. எனக்கு அந்த வியாதி கெடையாது. மூணு, அந்தப் பெரியவரக் கேலி பண்ணக் கூடாது.”

மூன்றாவதில் நான் இறங்கவில்லை. அந்தப் பெரியவர் ஐம்பது வருடம் மேடையில் ஊரைச் சிரிக்கவைத்துப் பிழைத்த பிரிட்டிஷ் பாடகர். அவரைப் பற்றிச் சிரிக்காமல் எழுதுவது பிரியாணிக்கடையில் தயிர்சாதம் கேட்பது மாதிரி என்றேன். கார்மேகம் டீயை ஆற்றிக்கொண்டே யோசித்தார்.

“சரி, பண்ணிக்கங்க. ஆனா அவரப் பக்கத்துல உக்கார வச்சுப் படிச்சுக் காட்டுனா அவரும் சிரிக்கணும்.”

இதற்குக் கீழே இறங்க மாட்டார் என்று தெரிந்தது. கை கொடுத்தேன்.

2

நான் வளர்ந்தது மதுரை விளக்குத்தூண் பக்கம் ஒரு ஜவுளிக்கடையில். அங்கே முதலில் பிரிக்கும் சேலையை யாரும் வாங்க மாட்டார்கள். விற்பதற்காக அதைப் பிரிப்பதும் இல்லை. வந்தவர் முகம் எதற்கு மலர்கிறது, எதற்குச் சுருங்குகிறது என்று பார்க்கத்தான். ஆகவே முதல் தொடக்கம்:

‘பாலைவனத்து வெயில் கண்ணாடிக் கோபுரங்களில் பட்டுத் தெறித்த ஒரு பிற்பகலில், தன் கனவுகளையெல்லாம் ஒரு பெட்டிக்குள் அடைத்து—’

வேண்டாம். கார்மேகம் படித்தால் டீக்காசைத் திருப்பித் தந்துவிடுவார். மடித்துவைக்கிறேன். அடுத்தது:

‘1973ஆம் ஆண்டு, இங்கிலாந்தின் கடலோர ஊர் ஒன்றில், கூரை ஒழுகிய அரங்கில், இருபத்திரண்டு வயது டெரிக் விண்டர்போர்ன் முதன்முறையாக மேடையேறியபோது அவருடைய ஒட்டுமீசை—’

இது பரவாயில்லை. ஆனால் அந்தக் கூரைக்குக் கீழே நான் நின்றதில்லை. சரக்கைப் பார்க்காமல் விலை சொல்வது எங்கள் கடையில் வழக்கமில்லை. மூன்றாவது தொடக்கம் கோடவுனில். அங்கே நான் நின்றிருக்கிறேன்; சோபா சாட்சி.

3

ஜனவரியில் ஒரு காலை. நாற்பதடி கண்டெய்னரின் வாயில் நின்று கார்மேகம் லிஸ்ட் படித்துக்கொண்டிருந்தார். பதினான்கு வருடப் பழக்கம். எண்கள் இந்தியில், சாமான்கள் தமிழில், மூச்சு மட்டும் எங்கேயும் கிடையாது.

“ஏக்காவன் மிக்ஸி மூணு, பாவன் மெத்தை ரெண்டு, திர்ப்பன் சைக்கிளு ஹேண்டில் தனி, சவ்வன் கொடை ஒரு கட்டு, பச்பன் கண்ணாடி ஜாக்கிரத...”

ஃபோர்க்லிஃப்ட் ஓட்டும் சுஐபு, கீழக்கரைக்காரர், ஒவ்வொரு சாமானுக்கும் ஹாரனை ஒருமுறை தட்டுவார். அதுவும் பழக்கம். கடைசிப் பெட்டி ஏறி முடிந்ததும் பின்னாலிருந்து கைதட்டல் கேட்டது.

கார்மேகத்துக்குக் கைதட்டலின் பொருள் தெரியும். ஃபோர்மன் தட்டுவார், சூப்பர்வைசர் தட்டுவார், லாரிக்காரன் தட்டுவான். ‘சீக்கிரம்’ என்று அர்த்தம்.

“யல்லா சார், முடிஞ்சிருச்சு, கலாஸ்,” என்று திரும்பிப் பார்த்தார்.

தொப்பியைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு ஒரு வெள்ளைக்காரப் பெரியவர் இன்னும் தட்டிக்கொண்டிருந்தார். பக்கத்தில் ராதிகா. ஷார்ஜாவில் பிறந்து, அங்கேயே பள்ளிக்கூடத்தில் இசை சொல்லித்தருகிற பெண். துபாயில் இருக்கும் ஆங்கிலேயர்கள் வருடம் ஒருமுறை சிரிப்பு ஆபெரா, அதாவது பாட்டாலேயே நடக்கும் சிரிப்பு நாடகம், போடுவதற்கென்று ஒரு கிளப் வைத்திருக்கிறார்கள். அதற்கு ராதிகாதான் பியானோ, ராதிகாதான் மேற்பார்வை. கிளப்பின் உடைப்பெட்டிகள் அந்தக் கோடவுனில்தான் கிடந்தன. எடுக்க வந்திருந்தார்கள்.

“அண்ணா, அவர் உங்கள ஹர்ரி-அப் பண்ணல. நல்லா இருக்குன்னு கிளாப் பண்றார்.”

“எது நல்லா இருக்கு?”

“நீங்க லிஸ்ட் படிச்சது.”

சுஐபு வண்டியை அணைத்துவிட்டு எட்டிப் பார்த்தார். “பதினாலு வருசமா நானும் கேக்குறேன் மச்சான். எனக்கு ஒருநாளும் தட்டத் தோணலியே.”

4

[இங்கே கொஞ்சம் கட்டுரை வரும். அவசரக்காரர்கள் கடைவாசலின் மூன்றாம் படிவரை இறங்கிவிட்டுத் திரும்பி வரலாம். கடை திறந்துதான் இருக்கும்.]

சிரிப்பு ஆபெராவில் குரலை வைத்துத்தான் விதி. உச்சத்தில் பாடுகிறவனுக்குக் கதாநாயகி. அடிக்குரலில் பாடுகிறவனுக்கு வாளோ கிரீடமோ கிடைக்கும். நடுவே பாரிடோன் என்று ஒரு குரல் இருக்கிறது. அதில் பாடும் கோமாளிக்குப் பெண்ணும் கிடையாது, வாளும் கிடையாது. வேகம் மட்டும் உண்டு. நாடகத்தின் நடுவில் வந்து, நாக்கு சுளுக்கும் வேகத்தில் ஒரு பட்டியலைப் பாடிவிட்டுப் போக வேண்டும். அதற்கு அரங்கம் விடாமல் தட்டினால், மறுபடி முதலிலிருந்து, இன்னும் வேகமாகப் பாட வேண்டும். அது அந்த மேடையின் சட்டம். தட்டல் நிற்காதவரை பாடகர் உள்ளே போக முடியாது.

விண்டர்போர்ன் ஆயிரம் தடவைக்கு மேல் போட்ட வேடம் ஒரு சுங்க அதிகாரி. நாடகத்தின் பெயர் ‘கப்பல் வராத துறைமுகம்’. (நூலகத்தில் தேடாதீர்கள், என் சரக்கு.) அந்தத் துறைமுகத்துக்குக் கப்பலே வராது. ஆனாலும் அதிகாரி தினமும் சீருடை போட்டுக்கொண்டு, வந்தால் எந்தெந்தச் சாமானுக்கு வரி போடுவேன் என்று அறுபத்துநான்கு சாமான்களைப் பாடுவார். இரண்டு நிமிடம் பத்து விநாடி. முதல் சாமான் தேயிலை. கடைசிச் சாமான் காலிப் பெட்டி. தேயிலையில் நிமிர்ந்து நின்று தொடங்கி, காலிப் பெட்டியில் தோள் தொங்க முடிக்கும்போது அரங்கம் வெடித்துச் சிரிக்கும்.

முதல் முப்பது வருடம் இங்கிலாந்தின் கடலோர ஊர்கள். அவ்வப்போது அவருடைய நாடகக் கம்பெனி வளைகுடா ஹோட்டல்களுக்கு வரும். பஹ்ரைனில் ஒருமுறை ஏசி நின்றுபோய்ப் பசை உருகி, மீசை மெல்ல இறங்கி நாற்பதாவது சாமானில் தாடியாகிவிட்டது. அவர் பாட்டை நிறுத்தாமல் தாடியைத் தடவிக்கொண்டார். மறுநாளிலிருந்து அதையே வேண்டுமென்று செய்தார். சலாலாவில் புல்வெளியில் மேடை, தூறல் காலம். கூட்டம் குடைக்குள் ஒடுங்கியது. இவர் நனைந்துகொண்டே பாடி, ‘குடை, ஒரு கட்டு’ என்ற இடத்தில் முன்வரிசைப் பெண்மணியின் குடையைப் பறித்து அதற்கும் வரி போட்டார்.

பத்திரிகைகள் கதாநாயகனைப் பற்றி ஒரு பத்தி எழுதும். கடைசியில் இப்படி வரும்: (விண்டர்போர்னும் நன்று.)

(ஐம்பது வருடம் அடைப்புக்குறிக்குள் வாழ்ந்தவர். அதை வெட்டி ஒட்டிவைத்த நோட்டை கார்மேகத்திடம் பெருமையாகக் காட்டினாராம்.)

மனைவி போன பிறகு, துபாயில் ஆசிரியையாக இருக்கும் மகளுடன் வந்து தங்கினார். கிளப் ஓடி வந்து அவரைப் பிடித்துக்கொண்டது.

5

இப்போது சிக்கல். கதைக்குச் சிக்கல் வேண்டும் என்பதற்காக நான் சேர்த்ததில்லை, சரக்கோடு வந்தது.

போன வருடம் அதே பாட்டில் முப்பத்தொன்றாவது சாமானில் அவர் நின்றுவிட்டார். எலிப்பொறி. வார்த்தை வரவில்லை. பதினோரு விநாடி. ராதிகா அதே சுரத்தைத் திரும்பத் திரும்ப வாசித்துக் காத்திருந்தார். கோரஸில் நின்ற ஒரு வங்கிக்காரர் அந்த வார்த்தையை எடுத்துக் கொடுத்தார். கூட்டம் கனிவாகச் சிரித்தது. கனிவான சிரிப்புதான் அவருக்குப் பொறுக்கவில்லை.

இந்த வருடம் ஒத்திகையில் மூன்றுமுறை அப்படி ஆனது. கிளப்பில் முடிவெடுத்துவிட்டார்கள். கடைசி ஒத்திகைக்குள் முழுப்பாட்டும் வராவிட்டால் வங்கிக்காரர் பாடுவார். ஜூனில் மகள் இங்கிலாந்து திரும்புகிறாள், அவரும் கூடவே. ஆக இதுதான் கடைசி மேடை.

கோடவுனில் அன்று விண்டர்போர்ன் ஒரே கேள்விதான் கேட்டார். (அவர் பேசியது ஆங்கிலம், கார்மேகம் பேசியது கோடவுன் ஆங்கிலம், இரண்டையும் தமிழாக்கிய பழி எனக்கு.)

“எத்தனை சாமான் வரை உங்களால் நினைவு வைத்துக்கொள்ள முடியும்?”

“நானூறு வரைக்கும் பேப்பர் வேண்டாம் சார்.”

“எப்படி?”

“நீங்க வார்த்தைய நெனப்புல வைக்கிறீங்க. நான் எடத்த வைக்கிறேன். எந்தச் சாமான் எங்க நிக்கிதுன்னு தெரிஞ்சாப் போதும் சார். அது நம்மளப் பாத்துப் பேரச் சொல்லும்.”

6

அடுத்த ஞாயிற்றுக்கிழமை காலை, கோடவுன் விடுமுறை. வெறும் தரையில் சாக்பீஸால் நாற்பதடி நீளத்துக்கு ஒரு கண்டெய்னர் வரைந்தார்கள். அறுபத்துநான்கு காலி அட்டைப்பெட்டிகள். ஒவ்வொன்றிலும் ஒரு சாமான் பெயர். ‘விண்டர் சார்’ (கோடவுனில் விண்டர்போர்ன் சுருங்கியது இப்படி; துபாய் வெயிலில் ‘குளிர்கால சார்’ என்பது அவருக்கே சிரிப்பு) ஒவ்வொரு பெட்டியாகத் தூக்கிக்கொண்டு போய், பாடிக்கொண்டே அடுக்கினார். லோடிங் வழக்கப்படி முதலில் ஏறுவது ஆக ஆழத்தில் நிற்கும். அதனால் தேயிலை உள்கோடியில். காலிப் பெட்டி கதவு ஓரம்.

முப்பத்தொன்றாவது இடத்தில் கார்மேகம் பெட்டி வைக்கவில்லை. நிஜ எலிப்பொறி ஒன்றை வைத்தார். இரண்டாம் ஞாயிறு அது விண்டர் சாரின் வலது ஷூ நுனியைக் கவ்வியது. அதற்குப் பிறகு அந்த வார்த்தை அவருக்கு மறக்கவில்லை.

ஊரிலிருந்து வடிவு, கார்மேகத்தின் மனைவி, வீடியோ காலில் இதைப் பார்த்துவிட்டார்.

“ஏங்க, வெள்ளக்காரருக்குப் பாட்டு வாத்தியாரு ஆயிட்டீகளாக்கும்?”

“பாட்டு அவரு. நான் லோடிங்.”

“நான் நாலு சாமான் வாங்கிட்டு வரச் சொன்னா ரெண்ட மறந்துட்டு வர்ற ஆளு, அவருக்கு நெனப்புச் சொல்லித் தாறீக.”

விண்டர் சார் அலைபேசியைப் பார்த்து இடுப்புவரை வளைந்து வணங்கினார். வடிவு முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு கேமராவை உத்திரத்தைப் பார்த்துத் திருப்பிவிட்டார்.

நான்காவது ஞாயிறு, கண்ணை மூடிக்கொண்டு, வெறும் தரையில் நின்று, தேயிலையிலிருந்து காலிப் பெட்டிவரை முழுசாக வந்தது. சுஐபு ஹாரனை நீளமாக அழுத்தினார். கடைசி ஒத்திகையிலும் தவறவில்லை. வங்கிக்காரர் கோரஸுக்குத் திரும்பினார்.

7

எழுதிக்கொண்டு வரும்போது எனக்குக் கார்மேகத்தின் மேல் சந்தேகம் வந்தது. இத்தனை நல்லவர் ஒரு கதைக்குள் நடமாடினால் வாசகர் துணியைத் திருப்பிப் பார்ப்பார். வாரத்துக்கு ஒரே விடுமுறை, அதை ஏன் கொடுத்தார்? போன் செய்து கேட்டேன்.

“அவரு தட்டுனாருல்ல,” என்றார்.

“அவ்வளவுதானா?”

“பதினாலு வருசத்துல சீக்கிரம்ங்கிறதுக்குத் தவுர யாரும் எனக்குத் தட்டுனதில்ல.”

நான் பேசாமல் இருந்தேன். பேரத்தில் பேசாமல் இருந்தால் எதிராளி இன்னும் கொஞ்சம் இறங்குவார்.

“அப்புறம், ஞாயித்துக்கெழம ரூம்ல எட்டுப் பேரு சீட்டாடுறாய்ங்க. கோடவுன்ல ஏசி ஓடும்.”

இரண்டையும் எழுதிக்கொண்டேன். இரண்டும் சேர்ந்தால்தான் எடை சரியாக இருக்கிறது.

8

தவறு அன்பினால் நடந்தது. அதைச் செய்தது கார்மேகம்.

மேடைக்கு ஒரு பெரிய கப்பல் பெட்டி தேவைப்பட்டது. பாட்டு தொடங்கும் இடத்தில் அதிகாரி விசில் ஊத, கதவு திறந்து உள்ளே இருட்டு தெரிய வேண்டும். கிளப்பில் வழக்கமாகப் பெயிண்ட் அடித்த துணியைத் தொங்கவிடுவார்கள். கார்மேகமும் சுஐபுவும், கழித்துப்போட்ட ஒரு கண்டெய்னரின் நிஜக் கதவுகளைத் தேய்த்து, எண்ணெய் போட்டு, கயிறு கட்டி, பக்கவாட்டில் மறைந்து நின்று இழுத்தால் திறக்கவும் மூடவும் செய்கிற மாதிரி செய்துவிட்டார்கள். விண்டர் சாருக்குச் சொல்லவில்லை. பெயிண்ட் காயவில்லை என்று நாடகத்தன்று மதியம்தான் கொண்டுபோனார்கள்.

சனிக்கிழமை, மாலை நான்கு மணிக் காட்சி. ஒரு பள்ளிக்கூட அரங்கம். பாதிப் பேர் அந்தப் பாட்டை மனப்பாடமாக அறிந்தவர்கள். விண்டர் சார் முழுச் சீருடையில், மீசையோடு, விசிலை எடுத்து ஊதினார். கார்மேகம் கயிற்றை இழுத்தார்.

கதவு முனகிக்கொண்டு திறந்தது. விண்டர் சார் திரும்பிப் பார்த்தார். முகம் மலர்ந்தது. அந்த முகத்தைக் கார்மேகம் பக்கவாட்டிலிருந்து பார்த்தார். பரிசு பிடித்துவிட்டது.

[நான் இந்த இடத்தில் ஒரு நிமிடம் பேனாவை வைத்தேன். நீங்களும் மூச்சு விட்டுக்கொள்ளலாம். அவருக்கு அது கிடைக்கப்போவதில்லை.]

கண்டெய்னரில் ஏற்றுகிறவன் உள்கோடியிலிருந்து எண்ணுவான். சுங்க அதிகாரி எதையும் ஏற்றுவதில்லை. கதவைத் திறப்பார், கதவு ஓரத்தில் நிற்பதைத்தான் முதலில் பார்ப்பார். நான்கு ஞாயிறும் விண்டர் சார் சட்டை மடித்த லோடிங் ஆளாக இருந்தார். இன்று சீருடை, விசில், முன்னால் திறந்த கதவு. ஐம்பது வருட அதிகாரி கதவு ஓரம் பார்த்தார். வாய் திறந்தது.

“காலிப் பெட்டி ஒன்று.”

கார்மேகத்துக்கு ஆங்கிலம் தடுமாறும்; அறுபத்துநான்கு சாமான்களும் தடுமாறாது. கயிறு கைக்குள் வழுக்கியது. பக்கத்தில் சுஐபு, “மச்சான், கடைசியிலேர்ந்து இறக்குறாரு,” என்றார்.

ராதிகா மூக்குக்கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். விரல் நிற்கவில்லை. விண்டர் சாருக்கு இரண்டாவது சாமானிலேயே தெரிந்துவிட்டது. தெரிந்தவர் நிற்கலாம்; சிரித்துச் சமாளித்து மறுபடி தொடங்கலாம். அப்படிச் செய்தால் அந்தக் கனிவான சிரிப்பு வரும். அவர் தொடர்ந்தார். பறந்துபோன தொப்பி, கிளியில்லாத கூண்டு, தந்தியில்லாத தம்பூரா, நீராவி போன கெட்டில், ஒன்றன்பின் ஒன்றாக இருட்டுக்குள் நடந்தார். கார்மேகமும் உள்ளே கூடவே நடந்தார், உதடு மட்டும் அசைய. நாற்பது. முப்பத்தைந்து. முப்பத்திரண்டு.

முப்பத்தொன்று. விண்டர் சாரின் வலது கால் தானாக ஓரடி பின்வாங்கியது. “எலிப்பொறி,” என்றது வாய். பாட்டு ஓடியது.

காலிப் பெட்டியில் தொங்கித் தொடங்கிய தோள்கள் சாமானுக்குச் சாமான் நிமிர்ந்துகொண்டே வந்தன. கப்பல் வராத துறைமுகம் நிறைந்துகொண்டே வந்தது. மனப்பாடமாகத் தெரிந்தவர்கள் சிரிக்க மறந்து முன்னால் சாய்ந்திருந்தார்கள். தேயிலை. உள்கோடி. கையை விரித்து அதை நீளமாகப் பிடித்து நின்றார்.

பிறகு தட்டினார்கள். அது நிற்கவில்லை.

9

முடிவுகள் கைவசம் மூன்று இருக்கின்றன.

அ) மறுபடி பாடுகிறார், தேயிலையிலிருந்து, இன்னும் வேகமாக, ஒரு பிசிறு இல்லாமல். மறுநாள் அவர் பெயர் அடைப்புக்குறிக்கு வெளியே வருகிறது. (இதை நானே நம்பவில்லை. தள்ளுபடி விலையிலும் போகாது.)

ஆ) மறுபடி பாடுகிறார். இரண்டு திசையும் தலைக்குள் மோதுகின்றன. நடுவில் எங்கோ நின்றுவிடுகிறார். பதினோரு விநாடி. கார்மேகம் மறைவிலிருந்து—

இல்லை, அதை எழுத மாட்டேன்.

இ) தொப்பியை எடுத்து வணங்கிவிட்டு உள்ளே போகிறார். தட்டல் நிற்காமல் உள்ளே போனது அந்த ஐம்பது வருடத்தில் ஒரே தடவை.

நடந்தது எது என்று டீக்கடையில் கார்மேகத்திடம் கேட்டேன். அவர் அந்த நொடியைத்தான் திரும்பத் திரும்பச் சொன்னார். அரங்கம் முழுக்கத் தட்டுகிறது. விண்டர் சாரின் மார்பு சட்டைப் பொத்தான் தெறிக்கிற மாதிரி ஏறி இறங்குகிறது. ராதிகாவின் கை பியானோவுக்கு மேலே அந்தரத்தில் நிற்கிறது. விண்டர் சார் கூட்டத்தைப் பார்க்கவில்லை. பக்கவாட்டில் திரும்பி இவரைப் பார்க்கிறார். கயிறு இவர் கையில். இழுத்து மூடினால் திறந்த கதவு அவர் கண்ணில் இருக்காது; உள்கோடியிலிருந்து, தேயிலையில் தொடங்குவார். திறந்தபடி விட்டால் மறுபடி காலிப் பெட்டியில் தொடங்குவார். எதைச் செய்தாலும் மறுபடி அறுபத்துநான்கு.

“எனக்கு அன்னிக்கும் அந்தச் சத்தம் சீக்கிரம் சீக்கிரம்னுதான் கேட்டுச்சு,” என்றார். “நான் என்ன செஞ்சேன்னு அப்புறம் சொல்றேன். மொதல்ல நீங்க சொல்லுங்க. அங்க சீட்டுல உக்காந்திருந்தா நீங்க தட்டியிருப்பீகளா?”

நான் வாயைத் திறப்பதற்குள் அவருடைய பஸ் வந்துவிட்டது. ஏறிப் போய்விட்டார். பிறகு போனில் பேசினேன். வேறு கேள்வி கேட்டேன், இதைக் கேட்கவில்லை. அவர் கேட்ட கேள்விக்கு நான் பதில் வைத்திருந்தால்தானே கேட்கலாம்.

ஆகவே அவர் என்னிடம் கேட்டதை உங்களிடம் தள்ளிவிடுகிறேன். தட்டினால், எழுபத்துநான்கு வயதுக்காரர் ஒருவர் இருக்கிற மூச்சை வைத்துக்கொண்டு மறுபடி முதலிலிருந்து, முன்னைவிட வேகமாகப் பாட வேண்டும். தட்டாமல் விட்டால் பத்திரமாக வீட்டுக்குப் போய் ஜூனில் விமானம் ஏறுவார். தன் கடைசிப் பாட்டுக்கு யாரும் மறுமுறை கேட்கவில்லை என்ற நினைப்போடு. கார்மேகம் கயிற்றைப் பிடித்தபடி நிற்கிறார். நான் அவரை அங்கேயே நிற்க விட்டிருக்கிறேன், மன்னிக்கட்டும்.

உங்கள் இரண்டு கைகளும் இப்போது இந்தப் புத்தகத்தைப் பிடித்திருக்கின்றன. தட்டுவதென்றால் அதைக் கீழே வைக்க வேண்டும்.